‘போகாது’ என்று சொன்னவள்

அத்தியாயம் 7

திங்கட்கிழமை என்றால் முத்தியால்பேட்டை சுகாதார நிலையத்தின் ஆய்வக ஜன்னலுக்குக் காலை ஒன்பது மணிக்குள் இருபது சளிக் கப்பாவது வந்துவிடும். இன்று மணி பத்து. ட்ரே காலி.

ஹேமலதா அந்தக் காலி ட்ரேயைத் துடைத்தாள். துடைக்க அதில் ஒன்றும் இல்லை. ஆனாலும் துடைத்தாள்.

பன்னிரண்டு வருஷமாக இந்த ஜன்னலுக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறாள். கொரோனா காலத்தில்கூட ஜன்னல் இப்படி வெறிச்சோடியதில்லை. வெறும் முப்பத்தெட்டு விநாடி வீடியோ ஒன்று அதைச் செய்துவிட்டது.

பதினோரு நாளைக்கு முன் தெருமுனையில் நடந்த முகாமில், நகத்தளவு சிப் ஒன்றைத் தூக்கிக் காட்டி அவள் சொன்னது இதுதான்: “இந்தச் சிப் உங்க உடம்புக்குள்ள போகாதும்மா. உங்க சளியிலேருந்து எடுக்கிற ஒரு சொட்டுதான் இதுக்குள்ள போகும். காசநோய்க் கிருமி இருந்தா ஒரு மணி நேரத்துல காட்டிக் குடுத்துடும்.” கடைசியில், பள்ளிக்கூடத்தில் ஒன்பதாம் வகுப்புப் பெண்களுக்குப் புற்றுநோய்த் தடுப்பூசி போடப் போகிறார்கள் என்றும் சொன்னாள்.

வீடியோவில் வந்தது வேறு. “இந்தச் சிப் உங்க உடம்புக்குள்ள போகும்.” அதை ஒட்டி உடனே, “நம்ம பொண்ணுங்களுக்கு ஸ்கூல்லயே ஊசி.”

ஒரு ‘போகாது’வை வெட்டி எறிந்துவிட்டு, அந்த இடத்தில் அவளுடைய ‘போகும்’ ஒன்றையே ஒட்டியிருந்தார்கள். குரல் அவளுடையது. முகம் அவளுடையது. பொய் மட்டும் வேறு யாருடையதோ.

யாருடையது என்று நேற்று சாயங்காலம்தான் தெரிந்தது. நாற்பதாவது தடவையாகப் பார்த்தபோது, படம் எடுத்த இடம் புலப்பட்டது. தையல்கடையின் மேல்படி. அங்கே நின்றவன் ஒரே ஒருத்தன். அவள் கணவனின் தம்பி, வினோத்குமார். “நாலு பேருக்குப் போய்ச் சேர்ற மாதிரி எடுத்துப் போடுப்பா” என்று அவளே கூப்பிட்டு நிறுத்திய கொழுந்தன்.

இதை அவள் இன்னும் யாரிடமும் சொல்லவில்லை.

“ஹேமா, டாக்டர் கூப்பிடுறாங்க.” நர்ஸ் செல்வாம்பாள் வாசலில் நின்றாள். முகம் சரியில்லை. “ஸ்கூல்லேருந்துதான் வர்றேன். அறுபத்திரெண்டு பொண்ணுங்க. பெத்தவங்க கையெழுத்தோட திரும்பி வந்த சம்மதப் பாரம் ஒம்பதுதான்.”

“மதியம் ரெண்டு மணிக்கு ஊசி.”

“ஹெட்மிஸ்ட்ரஸ் தள்ளிப் போடலாமான்னு கேக்குறாங்க.”

டாக்டர் அமிர்தவல்லி நல்ல மனுஷி. அதனாலேயே, சொல்ல வந்ததைச் சொல்லக் கஷ்டப்பட்டாள்.

“ரெண்டு வாரம் லீவு போடுங்க ஹேமலதா. மேலேருந்து மறுப்பு அறிக்கை வரும். அதுக்குள்ள நீங்க ஜன்னல்ல உக்காந்திருந்தா, ஜனங்களுக்கு உங்க மூஞ்சியைப் பார்த்தா அந்த வீடியோதான் ஞாபகம் வரும்.”

“நான் லீவு போட்டா, அந்த வீடியோவுல நானே கையெழுத்து போட்ட மாதிரி டாக்டர்.”

“உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன்.”

“தெரியும். ஆனா நான் போவ மாட்டேன். பயந்தா பொய் சொன்னவன் பயப்படட்டும்.”

டாக்டர் அவளையே பார்த்தாள். பிறகு, எழுதி வைத்திருந்த லீவுத் தாளை நான்காக மடித்து மேஜை இழுப்பறைக்குள் போட்டாள்.

*

பதினொன்றரைக்கு ஜன்னலில் ஒரு நிழல் விழுந்தது. கையில் கப் இல்லை. இடுப்பில் குழந்தை.

தீபலட்சுமி. வினோத்தின் மனைவி, ஹேமலதாவின் ஓரகத்தி. மாடிவீட்டிலிருந்து கீழே வந்து காபிப்பொடி கேட்கவே கூச்சப்படுகிற பெண், இவ்வளவு தூரம் வெயிலில் நடந்து வந்திருந்தாள்.

“அக்கா, அவருக்கு மூணு வாரமா இருமல். தெரியும்தானே?”

“கேட்டேன். கடையில பெயிண்ட் வாசனைன்னான்.”

“நேத்து கைக்குட்டையில ரத்தம் அக்கா.” குரல் உடைந்தது. “ஆஸ்பத்திரின்னாலே கத்துறாரு. எனக்கு வேற யாரைக் கேக்குறதுன்னு தெரியல.”

ஹேமலதா குழந்தையைப் பார்த்தாள். ஒன்பதரை மாதம். இருமுகிறவனின் பக்கத்தில் தினமும் தூங்குகிற குழந்தை. அவள் கோபத்தைக் கொண்டுபோய் எங்கோ ஒரு மூலையில் வைத்தாள். அது அங்கேயே இருக்கட்டும்.

“வா.”

வினோத்தின் பேனர் கடை மணிக்கூண்டுக்குப் பின்னால் இரண்டாவது தெரு. கம்ப்யூட்டர் முன்னால் குனிந்து உட்கார்ந்திருந்தான். சட்டை காலரில் கழுத்து மெலிந்து தெரிந்தது. இரண்டு பெண்களும் சேர்ந்து வருவதைப் பார்த்ததும் எழுந்தான். எழுந்த வேகத்தில் இருமல் வந்து அவனை மறுபடி உட்கார வைத்தது.

“தையல்கடைப் படியில நின்னு எடுத்தது நீதானே வினோத்?”

அவன் மறுக்கவில்லை. திரையை அணைத்தான்.

“நான் வெளியே போடல அண்ணி. தமாஷுக்கு வெட்டி ஒட்டி ஃப்ரெண்ட்ஸ் குரூப்ல போட்டேன். எவனோ எடுத்து வெளியே உட்டுட்டான். அப்புறம் என் கையில ஒண்ணும் இல்ல.”

“பதினோரு நாளா வாயைத் தொறந்து சொல்றது உன் கையிலதானே இருந்துச்சு?”

“சொல்லியிருந்தா என்னைச் சும்மா உட்டுருப்பாங்களா?”

“என்னை உட்டாங்களா?”

தீபலட்சுமி நடுவில் நின்று இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். அவளுக்கு இப்போதுதான் புரியத் தொடங்கியது.

“நீங்களா?” என்றாள். “அந்த வீடியோ நீங்க பண்ணதா?”

“தீபா, நீ சும்மா இரு.”

“பாப்பாவுக்கு ஒம்பது மாச ஊசிக்கு நான் போவலங்க. அந்த வீடியோவைப் பாத்துட்டு பயந்துதான் போவல. உங்ககிட்ட வந்து, ‘வேணாம்தானே?’ன்னு கேட்டேன். நீங்க, ‘உன் இஷ்டம்’னு சொல்லிட்டுத் திரும்பிப் படுத்துக்கினீங்க.” அவள் கத்தவில்லை. அதுதான் வினோத்தை அடித்தது. “பொய்ன்னு உங்களுக்குத் தெரியும். தெரிஞ்சிக்கினே என் புள்ளைக்கு ஊசி இல்லாம உட்டீங்க.”

ஹேமலதா கைப்பையிலிருந்து ஒரு மாஸ்க்கையும் சளிக் கப்பையும் எடுத்து மேஜைமேல் வைத்தாள்.

“நீ பண்ணதை நான் மன்னிக்கல. மன்னிப்பேனான்னும் தெரியாது. ஆனா அது வேற, இது வேற. இப்ப நீ என் பேஷண்ட். பின்னாடி வெட்டவெளியில போய், நெஞ்சுலேருந்து இருமி எடு. எச்சில் வேணாம், சளி வேணும்.”

“அந்த ஜன்னல்ல என்னை யாராவது பாத்தா…”

“ஒண்ணு அந்தக் கப்பு,” என்றாள் தீபலட்சுமி. “இல்லைன்னா நானும் பாப்பாவும் இப்பவே அரியாங்குப்பத்துக்கு எங்கம்மா வூட்டுக்குப் பஸ் ஏறுறோம்.”

கல்யாணமாகி மூன்று வருஷத்தில் அவள் அவனிடம் நிபந்தனை என்று ஒன்று போட்டது இதுவே முதல்முறை. வினோத் கப்பை எடுத்துக்கொண்டு பின்வாசல் பக்கம் நடந்தான்.

*

ஹேமலதா கையுறை மாட்டினாள். சளியில் மருந்தை ஊற்றி இளக்கி, முதல் கருவியில் வைத்தாள். இருபது நிமிஷம் கழித்து, பிரிந்து வந்த நீரில் ஒரே ஒரு சொட்டை உறிஞ்சி, புதுச் சிப்பின் நடுவிலிருந்த குழிக்குள் விட்டாள்.

வெளியே வராந்தாக் காற்றில் மாஸ்க்கோடு உட்கார்ந்திருந்த வினோத் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“இவ்ளோதானா அண்ணி?” என்றான்.

“இவ்ளோதான். இதைத்தான் உடம்புக்குள்ள வைக்கிறோம்னு ஊரையே நம்ப வச்ச.”

சிப்பைக் கருவிக்குள் தள்ளினாள். திரையில் ஒரு கோடு படுத்துக் கிடந்தது; கிருமி இருந்தால்தான் அது ஏறும். அது படுத்தே கிடக்க வேண்டும் என்று அவள் வேண்டிக்கொண்டாள். அவனுக்காகவா, குழந்தைக்காகவா என்று அவளுக்கே தெரியவில்லை.

இருபத்தைந்தாவது நிமிஷத்தில் கோடு தலை தூக்கியது. பிறகு சரசரவென்று ஏறியது.

டாக்டர் அமிர்தவல்லி தன் அறைக்கு அழைத்து உட்காரவைத்துச் சொன்னாள். “காசநோய்தான் வினோத். பயப்படாதீங்க. இந்தக் கிருமி மருந்துக்குக் கட்டுப்படுமான்னு இன்னொரு சிப்ல பார்க்கணும். ஒரு மணி நேரம் ஆகும். கட்டுப்படுதுன்னா ஆறே மாசம் மாத்திரை, முழுசா குணமாகிடலாம்.”

“கட்டுப்படலன்னா?”

“அதுக்கும் மருந்து இருக்கு. முதல்ல பார்ப்போம். குழந்தையையும் வீட்ல எல்லாரையும் பரிசோதிக்கணும்.”

அவன் தலையாட்டினான். தீபலட்சுமியின் முகத்தைப் பார்க்காமலே எழுந்தான். “டீ குடிச்சிட்டு வந்துடுறேன்.”

ஹேமலதா இரண்டாவது சிப்பைக் கருவிக்குள் வைத்துவிட்டுக் கடிகாரத்தைப் பார்த்தாள். ஒன்று ஐம்பது.

“அக்கா, நீங்க ஸ்கூலுக்குப் போங்க,” என்றாள் தீபலட்சுமி. “நான் இங்கயே இருக்கேன்.”

*

பள்ளிக்கூட கேட்டுக்கு வெளியே ஐம்பது பேராவது இருப்பார்கள். அம்மாக்கள், அப்பாக்கள், ரோட்டில் நிறுத்திய வண்டிகள். கூட்டத்தின் முன்வரிசையில் நின்றவரைப் பார்த்ததும் ஹேமலதாவின் கால் ஒரு நொடி நின்றது.

அவள் கணவர் இராமதாஸ்.

சேதராப்பட்டு கம்பெனியில் காலை ஷிப்ட் முடிந்து நேராக வந்திருந்தார். சட்டைப் பையில் மடித்த பாரம் ஒன்று தெரிந்தது. மகள் கலைவாணியின் பாரம். காலையில் ஹேமலதா கையெழுத்துப் போட்டுக் கொடுத்தது.

“அதை ஸ்கூல்லேருந்து திருப்பி வாங்கிட்டீங்களா?”

“ஒரு வாரம் தள்ளிப் போடலாம் ஹேமா. ஊர் வாய் அடங்கட்டும். கம்பெனியில எல்லாரும் என்னையே கேக்குறாங்க, ‘உன் பொண்டாட்டி சிப் வைக்கிறாளாமே’ன்னு. நான் இன்னான்னு பதில் சொல்வேன்?”

“இல்லைன்னு சொல்லியிருக்கலாம்.”

அவர் பாரத்தைச் சட்டைப் பைக்குள் இன்னும் ஆழமாகத் தள்ளினார்.

கூட்டத்திலிருந்து ஒருவர் முன்னால் வந்தார். ஆட்டோ ஓட்டுகிற சிலம்பரசன். ஒன்பதாம் வகுப்பில் அவருக்கும் ஒரு பெண்.

“இன்னா மேடம், உங்க வாயாலதான சொன்னீங்க? உங்க வூட்டுக்காரரே பாரத்தைத் திருப்பி வாங்கிட்டாரு. எங்க புள்ளைங்க மட்டும் இன்னா சோதனை எலியா?”

ஹேமலதா திரும்பி நின்று கூட்டத்தைப் பார்த்தாள். பையிலிருந்து இரண்டு பொருளை எடுத்தாள். தேதி முடிந்துபோன ஒரு சிப். உறை பிரிக்காத ஒரு ஊசி.

“அண்ணே, இந்தச் சிப்பைக் கையில வாங்குங்க. கடிக்காது.”

சிலம்பரசன் தயங்கி வாங்கினார். அவள் உறையைப் பிரித்து, ஊசியை நிமிர்த்திப் பிடித்தாள்.

“இந்த ஊசி ஓட்டை கண்ணுக்குத் தெரியுதா? தலைமுடி நுழையறதே கஷ்டம். உங்க கையில இருக்கறதை இது வழியா உள்ள தள்ள முடியுமா, நீங்களே சொல்லுங்க.”

சிலம்பரசன் சிப்பை ஊசிமுனைக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் பார்த்தார். புரட்டிப் பார்த்தார். பின்னால் யாரோ ஒரு பெண், “பூட்டுக்குள்ள கடப்பாரையை உடுற மாதிரி இருக்குது” என்றாள். இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள்.

“சரி, சிப் போவாது,” என்றார் சிலம்பரசன், விட்டுக்கொடுக்காமல். “நாளைக்கு எம் பொண்ணுக்குக் குழந்தை பொறக்காம போச்சுன்னா?”

இது வம்புக் கேள்வி இல்லை. பயத்தின் கேள்வி. அவள் குரலைத் தணித்துக்கொண்டாள்.

“போவாது அண்ணே. கர்ப்பப்பை வாயில புத்துநோய் வராம இருக்கத்தான் இந்த ஊசி. பதினஞ்சு வருஷத்துக்கு மேலா உலகம் பூரா போட்டுக்கினு இருக்காங்க. போட்ட பொண்ணுங்க கல்யாணம் பண்ணி புள்ளையும் பெத்துட்டாங்க. கை வலிக்கும், சிலருக்குக் காய்ச்சல் அடிக்கும். அதை நான் மறைக்கல.”

“அப்ப இது இன்னாது?”

சிலம்பரசன் போனை நீட்டினார். பத்து நிமிஷத்துக்கு முன் வந்த புது வீடியோ. பன்னிரண்டு விநாடிதான். சுகாதார நிலையத்தின் பின்கேட். மாஸ்க் போட்ட ஓர் ஆள் தலையைக் குனிந்துகொண்டு வேகமாக வெளியே போகிறான். கீழே எழுதியிருந்தது: ‘சிப் மேடத்தின் கொழுந்தனுக்கே சிப்! தப்பி ஓடுகிறார்!’

“உங்க கொழுந்தன்தானே? அவருக்கு இன்னா பண்ணீங்க உள்ள?”

இராமதாஸ் எட்டிப் பார்த்தார். முகம் வெளுத்தது. “வினோத்தா? அவன் இன்னாத்துக்கு அங்க வந்தான்?”

ஒரே ஒரு வாக்கியம் போதும். ‘என் பேச்சை வெட்டி ஒட்டினவன் இவன்தான், இன்னிக்கு இவனுக்கே நோய்.’ சொல்லிவிட்டால் ஊர் வாய் இந்த நிமிஷமே அடங்கும். வினோத்தின் வாயும் ஆயுசுக்கும் அடங்கிப்போகும். பதினோரு நாள் அவமானம் அவள் தொண்டை வரைக்கும் வந்து நின்றது.

விழுங்கினாள்.

“என் ஜன்னலுக்கு யார் வந்தா, இன்னாத்துக்கு வந்தான்னு நான் தெருவுல நின்னு சொல்ல மாட்டேன். அது என் கொழுந்தனா இருந்தாலும் சரி, என் எதிரியா இருந்தாலும் சரி.” சிலம்பரசனை நேராகப் பார்த்தாள். “நாளைக்கு நீங்க வந்தீங்கன்னா, உங்க பேரையும் இப்படித்தான் நெஞ்சுக்குள்ள வச்சிக்குவேன். வேணும்னா வீடியோ எடுத்துக்குங்க. இந்தத் தடவை வெட்டாம போடுங்க.”

யாரும் போனைத் தூக்கவில்லை.

கேட்டின் உள்பக்கம் பெண் பிள்ளைகள் நின்றிருந்தார்கள். அவர்களுக்கு நடுவிலிருந்து ஒரு குரல் வந்தது.

“அப்பா, என் பாரத்தைக் குடுங்க.”

கலைவாணி. பதினாலு வயசு. கம்பிக்கு வெளியே கையை நீட்டிக்கொண்டு நின்றாள்.

“கலை, நீ உள்ள போ.”

“பதினோரு நாளா எல்லாரும் என்னை ‘சிப்பு சிப்பு’ன்னு கூப்பிடுறாங்கப்பா. நான் ஒரு நாளாவது லீவு போட்டேனா? அம்மா கையெழுத்து போட்டுட்டாங்க. எனக்கும் போட்டுக்கணும். என் உடம்புதானே? என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டீங்களா?”

இராமதாஸ் மகளைப் பார்த்தார். மனைவியைப் பார்க்கத் தைரியம் வரவில்லை. பாரத்தை எடுத்து, மடிப்பை விரல்களால் நீவி, கம்பிக்குள் கொடுத்தார்.

செல்வாம்பாள் வராந்தாவில் மேஜையைப் போட்டாள். கேட்டைத் திறந்தே வைக்கச் சொன்னாள் தலைமையாசிரியை. “எல்லாரும் பாக்கட்டும்.” முதல் ஆளாகக் கலைவாணி உட்கார்ந்து சட்டைக் கையை மடித்துவிட்டாள். ஊசி ஏறும்போது கண்ணை மூடவில்லை. கூட்டத்தையே பார்த்தாள்.

பிறகு ஒரு அம்மா பேனா கேட்டாள். இன்னொருத்தி கேட்டாள்.

மூன்றரை மணிக்கு எண்ணியபோது முப்பத்து நான்கு. இருபத்தெட்டுப் பிள்ளைகள் போடாமலே வீட்டுக்குப் போனார்கள். சிலம்பரசன் மகளும் அதில் ஒருத்தி. போகும்போது அவர் சிப்பைத் திருப்பிக் கொடுத்தார். “அடுத்த முகாம் எப்பன்னு சொல்லி அனுப்புங்க” என்று மட்டும் சொன்னார்.

*

நிலையத்துக்குத் திரும்பியபோது, வராந்தா பெஞ்சில் தீபலட்சுமி தனியாக இருந்தாள். குழந்தை மடியில் தூங்கிக்கொண்டிருந்தது. அவள் கையில் போன்.

“டீ குடிக்கப் போனவர் வரவே இல்லக்கா. அந்தப் பன்னெண்டு விநாடி வீடியோவை அவரும் பாத்துட்டாரு. ‘இனிமே இந்த ஊர்ல தலை காட்ட முடியாது, பாப்பாவைப் பாத்துக்கோ’ன்னு ஒரு மெசேஜ். போன் சுவிட்ச் ஆஃப்.”

ஹேமலதா ஆய்வகத்துக்குள் ஓடினாள். இரண்டாவது சிப்பின் முடிவு திரையில் காத்திருந்தது. படித்தாள். நம்பாமல் இன்னொரு முறை படித்தாள்.

மருந்துக்குக் கட்டுப்படும் கிருமி. ஆறு மாத மாத்திரை. அவ்வளவுதான்.

பிழைக்கிற சேதி இங்கே திரையில் ஒளிர்ந்துகொண்டிருக்க, ஊருக்குப் பயந்தவன் எங்கோ போய்க்கொண்டிருந்தான்.

வெளியே வந்தாள். அவளைப் பள்ளிக்கூடத்திலிருந்து வண்டியில் கொண்டுவந்து விட்ட இராமதாஸ் இன்னும் போகவில்லை. கேட்டருகே நின்றார்.

“வினோத்துக்கு இன்னா ஹேமா?”

“அதை அவன்தான் உங்ககிட்ட சொல்லணும்.”

“என்கிட்டகூடவா?”

“உங்ககிட்டகூடத்தான். ஆனா அவனை உடனே பாத்தாகணும். அவனுக்கு ஒரு நல்ல சேதி இருக்குது. அது தெரியாம ஓடிட்டான்.”

அவர் காலையிலிருந்து முதல்முறையாக அவள் முகத்தை நேருக்கு நேர் பார்த்தார்.

“சின்ன வயசுல அப்பாகிட்ட அடி வாங்கினா, அவன் காலாப்பட்டுக்குத்தான் ஓடுவான்,” என்றார். “குப்பத்துல ஒரு கூட்டாளி இருக்கான். அங்கேருந்து சென்னை பஸ்ஸைப் புடிக்கிறது சுலபம். நாலரைக்கு ஒரு பஸ்.”

மணி நான்கு.

தீபலட்சுமி எழுந்து வந்தாள். “அக்கா, அவரைப் பாத்தா, வூட்டுக்கு வரச் சொல்லுங்க. மன்னிச்சிட்டேன்னு மட்டும் சொல்லாதீங்க.”

“நானும் மன்னிக்கலம்மா,” என்றாள் ஹேமலதா. நாலு புது மாஸ்க்கை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டாள்.

இராமதாஸ் வண்டியை உதைத்தார். “ஏறு.”

அவள் ஏறினாள். காலாப்பட்டு வழியாகப் போகும் கிழக்குக் கடற்கரைச் சாலையில் பஸ்கள் எதுவும் யாருக்காகவும் காத்து நிற்பதில்லை.